தேன்நிறச் சட்டி

இஷொய்,
9 பெப்ரவரி 2025

அன்புள்ள அம்மாவுக்கு,

நீங்களும் அப்பாவும் சுகமாக இருப்பீர்கள் என்று நினைத்துக்கொண்டு எழுதுகிறேன். நான் சுகம். டேனிஷ் குளிர்தான் ஜக்கெட்டுக்குள்ளும் வந்து குடியிருக்கிறது.

"இந்த வீட்டிலை இனி அவளின்ரை குரல் கேட்கக்கூடாது" என்று அப்பா சொல்லி ஒன்றரை வருடம் ஆகிறது. குரல்தானே கேட்கக்கூடாது என்றவர், கடிதம் கதைக்காதுதானே என்று நீங்கள் பேனையைத் தூக்கினீர்கள். அந்தக் கெட்டித்தனம் எனக்கு வரவில்லை. வந்திருந்தால் அல்பேட் அண்ணையின் கிளீனிங் கொம்பனியைப் பற்றி நேரே தொழில் பரிசோதகர்களுக்கு எழுதியிருக்கமாட்டேன். பெண்களை விடிய விடியச் சம்பளமில்லாமல் கூட்ட வைத்தது உண்மை. கொம்பனி மூடப்பட்டதும், அப்பாவின் வான் ஓட்டுகிற வேலை அதோடு போனதும் உண்மை. எனக்குக் கவலை உண்டு. ஆனால் இன்றைக்குக் கேட்டாலும் எழுதுவேன்.

நல்ல செய்தி ஒன்று. வேலை கிடைத்திருக்கிறது, வருட முடிவு வரைக்கும். பழைய சினிமாச் சுருள்களைத் துடைத்து, ஒட்டி, கணினிக்குள் ஏற்றுகிற வேலை. நூறு வருடப் பழசு. அந்தக் காலத்துப் படச்சுருள் வெடிமருந்துக்குச் சொந்தக்காரச் சாமானில் செய்தது. சூடானால் தானாகப் பற்றும், பற்றினால் தண்ணீருக்குள்ளும் எரியும். அதனால் ஊரைவிட்டுத் தள்ளி, சுவர் தடித்த குளிரறைகளில் வைத்திருக்கிறார்கள். போனை வாசலில் வைத்துவிட்டுத்தான் உள்ளே போகலாம். கெடத் தொடங்கினால் சுருள் தேன் மாதிரிக் கசியும். கசிகிற சுருளைக் கண்டால் உடனே சொல்லவேண்டும் என்பது முதல் நாள் பாடம்.

எனக்குத் தந்திருப்பது மெக்சிகோவில் எடுத்த படம். ஒரு டேனிஷ்காரன் கமராவைக் கட்டிக்கொண்டு போய், சட்டி பானை செய்கிற ஒரு கிராமத்தில் மாதக்கணக்கில் இருந்திருக்கிறான்.

அதைப் பார்த்த கிழமையே இங்கே பழைய சாமான் சந்தையில் அதே மாதிரி ஒரு மெக்சிகோச் சட்டி கண்டேன். தேன்நிறம், உள்ளே கண்ணாடி மாதிரி மினுக்கம். "சில்வர் பாத்திரத்திலை மீன்குழம்பு வைச்சால் ஆஸ்பத்திரிக் குழம்பு மாதிரி இருக்கு" என்று நீங்கள் புலம்புவது காதில் கேட்டது. வாங்கிவிட்டேன். கோல்டிங் வருகிற என் சிநேகிதி நிறோஷினியிடம் கொடுத்துவிடுகிறேன். யார் தந்தது என்று அப்பாவுக்குச் சொல்வதும் விடுவதும் உங்கள் விருப்பம்.

அன்புடன்,
உங்கள் தனு

*

கோல்டிங்,
2.3.2025

அன்பு மகள் தனுசியாவுக்கு அம்மா எழுதிக்கொள்வது,

சட்டி உடையாமல் வந்து சேர்ந்தது. நிறோஷினி அதைக் கைக்குழந்தை மாதிரி மடியில் வைத்துக்கொண்டு ரயிலில் வந்தாளாம். என்ன வடிவான சட்டி பிள்ளை! கஞ்சித் தண்ணி ஊற்றிக் கொதிக்க வைத்து, கழுவி, பின் கொட்டிலுக்குள் இருக்கிற காஸ் அடுப்பில் அறக்குளா மீன்குழம்பு வைத்தேன். பழப்புளி கொஞ்சம் கூடத்தான் விட்டேன், அப்பாவுக்கு அப்படித்தான் வேணும் என்று உனக்குத் தெரியும்.

அவர் ஒரு வாய் வைத்தார். நிமிர்ந்து பார்த்தார். "என்னப்பா, குழம்புக்கு இண்டைக்கு உயிர் வந்திருக்கு" என்றார். நான் சட்டியைக் காட்டினேன். "எங்காலை வந்தது?" என்றார். "ஒரு பிள்ளை வாங்கி அனுப்பினது" என்றேன். எந்தப் பிள்ளை என்று கேட்கவில்லை. ஆனால் இரண்டாம் தரமும் சோறு போட்டார். கோப்பையைக் கழுவப் போகும்போது, "அந்தப் பிள்ளைக்குச் சாமான் வாங்கத் தெரியும்" என்று சுவருக்குச் சொன்னார்.

உன் கடிதங்களைத் தபால் பெட்டியிலிருந்து எடுத்து வருகிறதும் அவர்தான். பிரிஜ்ஜுக்கு மேலே வைத்துவிட்டு ஒன்றும் தெரியாத ஆள் மாதிரி இருப்பார். உடைத்துப் பார்க்கிற குணம் அவருக்கு இல்லை. அதை ஒத்துக்கொள்ள வேணும்.

புது வேலையில் வாயை அடக்கி இரு. நீ வாய் திறந்தால் கொம்பனி மூடுது.

அன்பு அம்மா,
கமலாதேவி

*

இஷொய்,
21 ஏப்ரல் 2025

அன்புள்ள அம்மா,

சுவருக்காவது சொன்னாரே. அந்தச் சுவரைக் கேட்டதாகச் சொல்லுங்கோ.

வாயை அடக்கித்தான் இருக்கிறேன், ஆனால் இந்தப் படம் விடுகிறதாக இல்லை. முதல் சுருள்கள் நல்ல வடிவு. சக்கரம் கிடையாது. கவிழ்த்த தட்டின்மேல் இன்னொரு தட்டு, அதன்மேல் களிமண். ஒரு பெண் முழங்காலில் இருந்து ஒரு கையால் தட்டைச் சுழற்றி மற்றக் கையால் மண்ணை எழுப்புகிறாள். சட்டி பூ விரிகிற மாதிரி மேலே வருகிறது. ஓடவிட்டுப் பார்த்த மேலாளர் கிர்ஸ்டன் கண் கலங்கிவிட்டார். டிசம்பரில் கண்காட்சி வைக்கப் போகிறார்கள்.

இடையிடையே எழுத்து அட்டைகள் வரும், ஊமைப் படம்தானே. ஒரு இடத்தில் பெண்கள் சுவரோடு சாய்ந்து கிடக்கிறார்கள், ஒருத்தி வயிற்றைப் பிடித்துக்கொண்டு குனிந்திருக்கிறாள். அதற்கு அவன் போட்டிருக்கிற அட்டை: "மதியத்தோடு வேலை நின்றுவிடும். உழைப்பு இவர்களின் இரத்தத்தில் இல்லை."

நான் அந்தப் பெண்களின் காலை வேலையை முழுக்கப் பார்த்தவள். கல்லில் ஏதோ கறுத்தக் கட்டியைப் போட்டு மா மாதிரி அரைக்கிறார்கள். முதுகில் பிள்ளை தூங்குகிறது, தூசி பிள்ளையின் முகத்தில் படிகிறது. பிறகு அதைக் கரைத்து வெறுங்கையால் சட்டிக்குள் பூசுகிறார்கள். இவ்வளவும் செய்தவர்களைப் பார்த்துச் சோம்பேறி என்கிறான், கமராவுக்குப் பின்னால் நின்ற தடியன். எனக்கு அந்த அட்டையை வெட்டி எரிக்கவேண்டும் போல இருந்தது. எரித்தால் கட்டிடமே போய்விடும் என்பதால் விட்டேன்.

நீங்கள் எப்படி? போன கடிதம் சின்னதாக இருந்தது.

அன்புடன்,
தனு

*

கோல்டிங்,
15.6.2025

அன்பு மகள் தனுவுக்கு,

எழுதப் பிந்திவிட்டது. கோபிக்காதே. முதியோர் இல்லத்தில் இரண்டு பேர் விடுப்பு, எல்லாம் என் தலையில். வந்து இருந்தால் எழும்ப மனமில்லை. வயிறு பிடித்துப் பிடித்து இழுக்கிறது. வாய்க்குள் ஒரு மாதிரி, சில்லறைக் காசைச் சூப்பின ருசி. வயது போகுதுதானே.

அப்பா நிர்ப்பந்தித்து டொக்டரிடம் கூட்டிக்கொண்டு போனார். டொக்டர் கம்பியூட்டரைப் பார்த்துக்கொண்டே, "வேலை அதிகமோ? வீட்டில் பிரச்சினையோ? உங்கள் நாட்டுப் பெண்களுக்கு மனக்கவலை உடம்பால்தான் வெளியே வரும்" என்றான். பனடோல் எழுதித் தந்தான். வெளியில் வரும்போது நர்ஸிடம் மெல்லச் சொன்னான், 'எட்னிஸ்க ஸ்மெர்த்தர்' என்று. எனக்கு அந்த டேனிஷ் விளங்காது என்று நினைத்துவிட்டான். முப்பது வருடம் அவையளின் தாய் தகப்பனைக் குளிக்க வார்க்கிறேன், விளங்காமல் இருக்குமோ? வெளிநாட்டாரின் நோவு என்று ஒரு சாதி நோவாம். சிரிப்புத்தான் வந்தது. நீ இதைப் பிடித்துக்கொண்டு எங்கும் எழுதிப்போடாதே.

சாப்பாட்டில் குறை இல்லை. அப்பா உன் சட்டிக்கு அடிமை. குழம்பு, புளிக்கறி, ரசம் எல்லாம் அதில்தான். அவருக்குச் சுடச்சுட வேணும். எனக்கு அடுத்த நாள்தான் ருசி. சட்டியோடு மூடி வைத்து, காலமை அதற்குள்ளேயே சோற்றைப் போட்டுக் குழைத்து வழித்துச் சாப்பிட்டால் அந்த ருசிக்கு ஈடு உண்டோ! நீயும் சின்னனில் என் மடியில் இருந்து வாயைத் திறந்துகொண்டு காத்திருப்பாய்.

ஒரு விஷயம். போன கிழமை சாப்பிடும்போது அப்பா கேட்டார், "அவளின்ரை வேலை என்னவாம்? சினிமாவோ?" என்று. பெயர் சொல்லவில்லை. ஆனால் அந்தச் சண்டைக்குப் பிறகு 'அவள்' என்று வாயில் வந்தது இதுதான் முதல் தரம்.

அன்பு அம்மா

*

இஷொய்,
3 ஆகஸ்ட் 2025

அன்புள்ள அம்மா,

'அவள்' என்ற ஒரு சொல்லை நான் எத்தனை தரம் வாசித்தேன் என்று கேட்காதேங்கோ.

ஆனால் அந்த டொக்டர்! உங்களுக்குச் சிரிப்பு வந்ததா? எனக்குப் பல்லைக் கடித்துத் தாடை நோகிறது. முதுகு வளைய அவன் நாட்டைக் கழுவித் துடைக்கலாம், நோகிறது என்றால் மட்டும் அது எங்கள் சாதிக் குணம். நூறு வருடத்துக்கு முந்திய அந்த அட்டையை எழுதினவனும் இவனும் ஒரே ஆள்தான் அம்மா, சட்டைதான் வேறு. வேறு டொக்டரைக் கேளுங்கோ. இரத்தம் சோதிக்கச் சொல்லுங்கோ. கேட்டால் என்ன, நாக்கு அறுந்துவிடுமா?

இங்கே இன்னொரு சண்டை. ஒரு டப்பாவில் தனியாகச் சுற்றி வைத்திருந்த துண்டுகளைத் திறந்தேன். படத்தில் சேர்க்காமல் அவன் வெட்டி எறிந்தவை. அதே பெண், முதல் சுருளில் மண்ணைப் பூவாக விரித்தவள். இப்போது அவளால் தட்டைச் சுழற்ற முடியவில்லை. கையைத் தூக்குகிறாள், முழங்கைவரை எழும்புகிறது, மணிக்கட்டுக்குக் கீழே கை செத்த கோழியின் கழுத்து மாதிரித் தொங்குகிறது. சட்டியைக் கையால் பிடிக்க ஏலாமல் இரண்டு முன்னங்கைகளாலும் அணைத்து எடுக்கிறாள். பிறகு கமராவைப் பார்க்கிறாள். அவ்வளவு நேரம் ஒருவர் என்னைப் பார்த்ததில்லை.

"இதைக் கண்காட்சியில் போடவேண்டும்" என்றேன். கிர்ஸ்டன், "இது கைவேலையின் அழகைப் பற்றிய கண்காட்சி, தனுசியா" என்றார், குழந்தைக்குச் சொல்கிற குரலில். கைவேலையாம். கை விழுந்து கிடக்கிறது.

இங்கே சிவப்புத் தபால் பெட்டிகளை ஒவ்வொன்றாகக் கழற்றுகிறார்கள். வருட முடிவோடு கடிதம் போடுகிற முறையே மாறப் போகிறதாம். இப்போதே உங்கள் கடிதம் வர ஒரு கிழமை எடுக்கிறது. அதற்குள் அப்பா மனம் மாறவேண்டும். சொல்லிவையுங்கோ.

அன்புடன்,
தனு

*

கோல்டிங்,
28.9.2025

அன்பு தனு,

எழுத்துக் கோணலாக இருக்கும், பொறுத்துக்கொள். பேனை கையில் நிற்குதில்லை. குளிரோ தெரியவில்லை.

தீபாவளிக்கு நீ வரலாம் என்று அப்பா சொல்ல வருகிறார் போல. நேற்று, "கோழி ஒண்டு கூட வாங்கட்டோ?" என்று கேட்டார். மூன்று பேர் கணக்குத்தானே அது. ஆனால் பிள்ளை, நீ இப்போது வராதே. நான் இந்தக் கோலத்தில் இருந்தால் நீ வந்து ஆஸ்பத்திரி, டொக்டர் என்று சண்டை பிடிப்பாய், அவருக்கும் உனக்கும் திரும்பத் தொடங்கும். நான் தேறின பிறகு வா. டிசம்பரில் நத்தாருக்கு வா.

பல்லுக்குக் காட்டப் போனேன். பல் முரசில் நீலக் கோடு மாதிரி ஒன்று ஓடுதாம். தேத்தண்ணிக் கறையாக இருக்கும் என்றேன், பல் டொக்டரும் தலையாட்டினாள்.

சின்னச் சின்னதுக்கெல்லாம் எரிந்து விழுகிறேன். அப்பா பாவம், குசினிக்குள் போய் நிற்கிறார். சமையல் இப்போது பாதி நாள் அவர்தான்.

அம்மா

*

இஷொய்,
12 நவம்பர் 2025

அன்புள்ள அம்மா,

நத்தாருக்கு வருவேன். சண்டை பிடிக்கமாட்டேன், சத்தியம். மூன்றாவது கோழிக்காலுக்காக மட்டும் பிடிப்பேன். இரத்தம் சோதித்தார்களா? ஒரு வரி எழுதுங்கோ.

இங்கே நடந்ததைக் கேளுங்கோ. மெக்சிகோவிலிருந்து இட்செல் என்று ஒரு ஆராய்ச்சிக்காரி வந்தாள். வெட்டி எறிந்த துண்டுகளைக் கிர்ஸ்டனுக்குத் தெரியாமல் அவளுக்குப் போட்டுக் காட்டினேன். கை தொங்கினதைக் கண்டதும் கதிரையை முன்னால் இழுத்தாள். "அவர்கள் அரைக்கிறது என்னவென்று தெரியுமா?" என்று கேட்டாள். கறுத்தக் கட்டி என்றேன். "காரீயம்" என்றாள்.

அந்த மினுக்கம் முழுக்கக் காரீயம் அம்மா. அரைக்கும்போது தூசி நெஞ்சுக்குள் போகும், பூசும்போது கையால் போகும். முதலில் வயிறு இழுக்கும், பிறகு களைப்பு, எரிச்சல், கடைசியில் நரம்பு செத்து மணிக்கட்டு விழும். மதியத்தில் அவர்கள் சாய்ந்து கிடந்தது அதனால்தான். உழைப்பு இரத்தத்தில் இல்லையாம்! இரத்தத்தில் இருந்தது காரீயம். அந்தச் சட்டிகளை வாங்கி மேசையில் வைத்து அழகு பார்த்தவன் ஒருத்தனுக்கும் தெரியாது, தெரிந்தாலும் கவலையில்லை.

நேரே கிர்ஸ்டனிடம் போனேன். அந்த அட்டையை இப்படியே காட்டினால் பத்திரிகைக்கு எழுதுவேன் என்றேன். "உனது ஒப்பந்தம் டிசம்பரோடு முடிகிறது, நினைவிருக்கா?" என்றார், புன்னகையோடு. வாயை அடக்கச் சொன்னீர்கள். மன்னியுங்கோ. அந்தப் பெண் என்னைப் பார்த்துக்கொண்டே இருக்கிறாள். அவளுக்காக ஒருவர் ஒரு வாக்கியமாவது எழுதவேண்டாமா?

உங்கள் கடிதம் வந்து நாளாகிறது. உடம்பைப் பாருங்கோ. சட்டிக் குழம்பு சாப்பிட்டுத் தெம்பாக இருங்கோ.

அன்புடன்,
தனு

*

கோல்டிங்,
24.11.2025

மகள் தனுசியாவுக்கு அப்பா எழுதுவது.

போனில் சொல்லியிருக்கலாம். உன்னுடைய நம்பரை அன்றைக்குக் கோபத்தில் தடுத்து வைத்தேன். அதை எப்படித் திறப்பது என்று எனக்குத் தெரியவில்லை. மற்றவையிடம் கேட்கவும் வெட்கமாக இருந்தது. கதைத்தால் நாங்கள் இரண்டு பேரும் சண்டையில்தான் போய் நிற்போம். எழுதினால் முழுதாகச் சொல்லி முடிக்கலாம்.

அம்மா ஆஸ்பத்திரியில் இருக்கிறா. பயப்படாதே. போன செவ்வாய் வேலையில் விழுந்துவிட்டா. இரத்தம் குறைவு என்கிறார்கள். தலையைப் படம் எடுத்தார்கள், பாரிசவாதம் இல்லையாம். என்னவென்று பிடிபடவில்லை. ஒரு தாளில் கையெழுத்துக் கேட்டார்கள், பேனை பிடிக்க முடியவில்லை. வலது கை மணிக்கட்டிலிருந்து அப்படியே தொங்குகிறது. தூக்கிப் பிடித்தாலும் விழுகிறது. நேற்றிலிருந்து மற்றக் கையும் அப்படித்தான். நித்திரையில் உன் பெயரைச் சொல்கிறா.

ஆஸ்பத்திரிச் சாப்பாடு அவவுக்கு இறங்குதில்லை. ஆனால் நான் சும்மா இருக்கவில்லை. நீ வாங்கி அனுப்பின சட்டியில்தான் ரசம் வைக்கிறேன். பழப்புளி நல்லாகக் கரைத்து இரவே கொதிக்க வைத்துச் சட்டியோடு மூடிவிடுவேன். அப்படி விட்டால்தான் புளியும் மிளகும் ஊறும் என்று அவதான் சொல்லித் தந்தா. காலமை சூடாக்கி, பிளாஸ்கில் ஊற்றி, முதல் பஸ்ஸில் கொண்டுபோய்க் கரண்டியால் பருக்குகிறேன். அது மட்டும்தான் வயிற்றில் நிற்குது. ஒருநாளும் தவறவிடவில்லை.

உன் கடிதம் ஒன்று வந்து பிரிஜ்ஜுக்கு மேலே இருக்கிறது. அது அவவின் பெயருக்கு வந்தது. நான் உடைக்கவில்லை. தெளிந்து வந்து அவவே வாசிக்கட்டும்.

அல்பேட்டின் விஷயத்தில் நீ செய்தது பிழை என்று நான் இப்போதும் சொல்வேன். ஆனால் அந்தப் பெண்களில் இரண்டு பேர் நேற்று ஆஸ்பத்திரிக்கு வந்து அம்மாவின் காலைப் பிடித்துவிட்டுக்கொண்டு இருந்தார்கள். நான் வெளியில் போய் நின்றேன்.

இனி உன் குரல் இந்த வீட்டில் கேட்கலாம். வா. மணி அடிக்காதே, அது பழுது. கதவில் தட்டிக் கூப்பிடு.

அப்பா,
இ. குணசேகரம்

*

கோல்டிங், வீட்டு வாசல்,
1 டிசம்பர், காலை

அப்பா,

உங்கள் கடிதம் வர ஒரு கிழமை எடுத்திருக்கிறது. நேற்று இரவு வாசித்த இடத்திலிருந்து நேரே ரயிலேறினேன். வழி முழுக்க உங்கள் போனுக்கு அடித்தேன், போகவில்லை. அம்மாவின் போன் செத்துக் கிடக்கிறது. ஆஸ்பத்திரியில் அடுத்த அடுத்த இலக்கத்துக்கு மாற்றி மாற்றி, கடைசியில் "வரிசையில் இருக்கிறீர்கள்" என்ற பாட்டுத்தான் கேட்டது.

நான் ஆஸ்பத்திரிக்குப் போகிற வழியில் நீங்கள் வேறு பஸ்ஸில் திரும்பி வந்தால் என்று இதைக் கதவில் கடிதம் போடுகிற வாயால் தள்ளிவிடுகிறேன். நின்று முழுக்க வாசியுங்கோ.

அம்மாவுக்கு அந்த ரசத்தைக் கொடுக்காதேங்கோ. அந்தச் சட்டியில் எதையும் வைக்காதேங்கோ. உள்ளே மினுங்குகிறது காரீயம். புளி அதைக் கரைத்து எடுக்கும். இரவு முழுக்க ஊறினால் இன்னும். அம்மாவின் வயிறும் கையும் அதுதான். டேனிஷில் அந்தச் சொல்லைத் தாளின் பின்பக்கத்தில் பெரிதாக எழுதியிருக்கிறேன், டொக்டரிடம் தாளை அப்படியே காட்டுங்கோ. இரத்தத்தில் அதைத் தேடச் சொல்லுங்கோ. மனக்கவலை என்று சொன்னால் அங்கேயே நிலத்தில் இருங்கோ, எழும்பாதேங்கோ. நீங்களும் சோதிக்கவேண்டும். பிரிஜ்ஜுக்கு மேலே இருக்கிற என் கடிதத்தை உடைத்து வாசியுங்கோ. அதில் எல்லாம் இருக்கிறது. யாரோ மெக்சிகோப் பெண்ணைப் பற்றி என்று நினைத்து எழுதினேன்.

நீங்கள் சொன்ன மாதிரியே தட்டிக் கூப்பிட்டேன். முதலில் மெல்ல. பிறகு கதவு வாயின் மூடியைத் தூக்கி உள்ளுக்குக் கத்தினேன். பக்கத்து வீட்டு டேனிஷ் மனுஷி வந்து பார்த்தாள். என் குரல் வீடு முழுக்கப் போய்த் திரும்பி வந்தது, நீங்கள் இல்லை.

கொட்டிலுக்குப் பின்னால் போய்ப் பார்த்தேன். சட்டி அடுப்பில் இருக்கிறது. ரசத்தை ஊற்றிவிட்டு, துடைத்து, கவிழ்க்காமல் வைத்திருக்கிறீர்கள். அதை எடுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடுகிறேன். தேடாதேங்கோ.

கை வைத்துப் பார்த்தேன். இன்னும் சுடுகிறது.

தனு